கண்ணாடிப் பட்டறையில் படித்த பாடம்

முதலாண்டு இயற்பியல் ஆய்வுக்கூடத்தின் இருட்டறை ஞாபகம் இருக்கிறதா, நண்பர்களே? சோடியம் விளக்கு, ஸ்பெக்ட்ரோமீட்டர், முப்பட்டகம். மஞ்சள் கோட்டைக் குறுக்குக் கம்பியில் நிறுத்தி, வெர்னியர் பார்த்து, ரெக்கார்டில் கையெழுத்து வாங்கினால் போதும் என்றிருந்தோம். அந்தக் கோட்டுக்குப் பின்னால் ஒரு மனிதர் இருக்கிறார்.

ஜோசப் ஃபிரான்ஹோஃபர் 1787-ல் ஜெர்மனியின் பவேரியாவில் பிறந்தார். அப்பா கண்ணாடித் தொழிலாளி. பதினோரு வயதுக்குள் பெற்றோர் இருவரையும் இழந்தார். மியூனிக்கில் ஒரு பட்டறையில் எடுபிடி வேலை. புத்தகம் படிக்க முதலாளி விடமாட்டார். 1801-ல் அந்த வீடு இடிந்து விழுந்தது. இடிபாடுகளிலிருந்து உயிரோடு மீட்கப்பட்ட பையனுக்கு நாட்டின் ஆட்சியாளர் மாக்ஸிமிலியன் பணம் கொடுத்தார். உட்ஷ்னைடர் என்ற தொழிலதிபர் புத்தகங்கள் கொடுத்தார்; 1806-ல் தம் ஒளிக்கருவி நிறுவனத்தில் வேலையும் கொடுத்தார்.

அங்கே ஒரு தொல்லை. நல்ல லென்ஸ் செய்ய, ஒவ்வொரு நிறத்தையும் கண்ணாடி எவ்வளவு வளைக்கிறது என்று துல்லியமாகத் தெரியவேண்டும். நிறமாலையிலோ சிவப்பு எங்கே முடிகிறது, மஞ்சள் எங்கே தொடங்குகிறது? எல்லையே கிடையாது! விளக்குச் சுடரில் பளிச்சென்ற மஞ்சள் கோடு ஒன்று அடையாளமாகக் கிடைத்தது. அதையே சூரிய ஒளியிலும் தேடினார். தெரிந்தவையோ எண்ணற்ற கருங்கோடுகள்!

1802-லேயே இங்கிலாந்தில் வொல்லாஸ்டன் இப்படிச் சில கோடுகளைக் கண்டு, நிறங்களின் எல்லை என்று எண்ணி விட்டுவிட்டார். ஃபிரான்ஹோஃபர் விடவில்லை. கண்ணாடியின் குறையோ என்று பல விதமாகச் சோதித்தார். கோடுகள் நகரவில்லை. ஐந்நூறுக்கும் மேற்பட்டவற்றை வரைந்து, முக்கியமானவற்றுக்கு ஏ, பி, சி, டி என்று பெயரிட்டார். அவையே அவருக்கு அளவுகோல் ஆயின. லென்ஸ்களும் ஐரோப்பாவில் பெயர் வாங்கின. பல்கலைக்கழகம் போகாதவர் என்று அறிஞர் கழகத்தில் ஆட்சேபித்தவர்களும் உண்டு.

1826-ல், 39 வயதில், காசநோய் அவரைக் கொண்டுபோனது. கோடுகள் ஏன் வருகின்றன என்பது கடைசிவரை அவருக்குத் தெரியாது. 1859-ல்தான் கிர்க்காஃப் விளக்கினார்: சூரியனின் வெளிப்புற வாயுவில் உள்ள சோடியம் தனக்குரிய மஞ்சளை விழுங்கிவிடுகிறது, அந்த இடமே இருண்ட டி கோடு. நம் இருட்டறை விளக்கு உமிழ்ந்ததும் அதே 589 நானோமீட்டர் மஞ்சள்தான். விண்மீன்களில் என்ன இருக்கிறது என்று அறிய வழி பிறந்தது.

தம்பி தங்கைகளே, அளவீட்டில் எதிர்பாராதது தெரிந்தால் ரப்பரை எடுக்காதீர்கள். காரணம் புரியாவிட்டாலும் பரவாயில்லை. உள்ளபடி குறித்து வையுங்கள்.