30 வயதில் முதல் ஒலிம்பிக்... ஒரு தீவு தேசத்தின் முதல் பதக்கம்! - டங்கன் வைட் கதை

அரூர், பாலக்கோடு, பென்னாகரம்... தருமபுரி மாவட்டத்துல எந்த ஊர் ஸ்கூலா இருந்தாலும் சரி, ஸ்போர்ட்ஸ் டே வந்தா கிரவுண்டில் சுண்ணாம்புக் கோடு போடுவாங்க. 100 மீட்டர் ஓட ஆள் வரிசைகட்டி நிக்கும். 400 மீட்டர்னு அறிவிச்சதும் பாதிப் பேர் நைசா நழுவிடுவாங்க. கடைசி 100 மீட்டர்ல கால் கல்லாகிடும்னு எல்லாருக்கும் தெரியும்.

அந்த 400 மீட்டர்லயே 10 தடைகளை வெச்சு, தாண்டிக்கிட்டே ஓடச் சொன்னா? ஆண்களுக்கு ஒவ்வொரு தடையும் 91.4 செ.மீ உயரம். முதல் தடை 45-வது மீட்டரில். அடுத்தடுத்து 35 மீட்டருக்கு ஒண்ணு. காலடிக் கணக்கு ஒருமுறை தப்பினாலும் ரேஸ் காலி. 1984-ல் பி.டி.உஷா நூறில் ஒரு விநாடியில் வெண்கலத்தைத் தவறவிட்டது இதன் பெண்கள் பிரிவில்தான்.

அதுக்கும் 36 வருஷம் முன்னாடியே, பக்கத்து இலங்கையிலிருந்து போன ஒருத்தர் இதே ஓட்டத்தில் வெள்ளி ஜெயிச்சிருக்கார். அவர்தான் டங்கன் வைட்.

போர் தின்ற வருடங்கள்

1918 மார்ச் 1-ம் தேதி, களுத்துறை மாவட்டத்தில் பிறந்தவர் வைட். படித்தது கண்டி டிரினிட்டி கல்லூரியில். பெயரில் கல்லூரி இருந்தாலும் அது ஒரு பள்ளிக்கூடம்தான்.

ஓட்டக்காரர்களுக்கு உடம்பு உச்சத்தில் இருப்பது இருபதுகளில். வைட்டுக்கு 22 வயதானபோது வரவேண்டிய 1940 ஒலிம்பிக் நடக்கவில்லை. 26 வயதில் வரவேண்டிய 1944 ஒலிம்பிக்கும் நடக்கவில்லை. காரணம், இரண்டாம் உலகப்போர். அந்தக் காலத்தில் அவர் ராணுவத்தில் இருந்தார். கொரோனா சமயத்துல ஒரு பொதுத்தேர்வு ரத்தானதுக்கே நாம எவ்ளோ பேசினோம்! இவருக்குப் போனது வாழ்க்கையோட சிறந்த வருடங்கள்.

51.8 விநாடிகள்

1948 பிப்ரவரி 4-ல் இலங்கை சுதந்திரம் பெற்றது. அப்போ அதன் பெயர் சிலோன். ஆறு மாதம்கூட ஆகாத நிலையில், ஜூலை இறுதியில் லண்டன் ஒலிம்பிக் தொடங்கியது. இலங்கை கலந்துகொண்ட முதல் ஒலிம்பிக் அது. போரின் காயம் ஆறாத லண்டனில் அப்போதும் உணவு ரேஷன்தான்!

ஜூலை 31, வெம்ப்ளி ஸ்டேடியம். இப்போ இருக்கிற சிந்தெடிக் டிராக் கிடையாது, நிலக்கரிச் சாம்பலைக் கொட்டி இறுக்கிய ஓடுதளம். இறுதிப்போட்டியில் 30 வயது வைட் நின்றார். அமெரிக்காவின் ராய் காக்ரன் 51.1 விநாடிகளில் தங்கம் வென்றார். அவருக்குப் பின்னால் 51.8 விநாடிகளில் வைட். ஸ்வீடனின் ரூன் லார்சன் 52.2 விநாடிகளில் மூன்றாவது. முதல் முறையாக வந்த நாட்டுக்கு, முதல் பதக்கம்!

அத்தோடு அவர் நிற்கவில்லை. 1950-ல் ஆக்லாந்தில் நடந்த பிரிட்டிஷ் எம்பயர் கேம்ஸில் 440 கஜ தடை ஓட்டத்தில் தங்கம் வென்றார். இன்றைய காமன்வெல்த் போட்டியின் பழைய பெயர் அது. பிறகு உடற்கல்வித் துறைக்குப் போனார். பிற்காலத்தில் குடும்பத்தோடு இங்கிலாந்தில் குடியேறி, 1998 ஜூலையில், 80 வயதில், அங்கேயே காலமானார்.

காத்திருந்த தேசம்

இலங்கைக்கு அடுத்த ஒலிம்பிக் பதக்கம் எப்போ கிடைச்சது தெரியுமா? 2000-ம் ஆண்டு சிட்னியில்! 200 மீட்டரில் சுசந்திகா ஜெயசிங்க வென்ற வெண்கலம், பின்னாளில் வெள்ளியாக உயர்ந்தது. இடையில் 52 வருடங்கள். வைட் ஓடிய நாளில் பிறந்த குழந்தைக்கு 52 வயதாகிற வரை அந்த நாட்டில் இன்னொரு பதக்கம் இல்லை. தன் நாட்டுக்கு இரண்டாவது பதக்கம் வந்ததைப் பார்க்க வைட் உயிரோடு இல்லை. இரண்டே வருடத்தில் தவறிப்போனது.

நம்ம ஊர்க் கணக்கும் ஒண்ணு இருக்கு. 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியில் திருப்பூர் மாவட்டத்து தருண் அய்யாசாமி, இதே 400 மீட்டர் தடை ஓட்டத்தை 48.96 விநாடிகளில் முடித்து வெள்ளி வென்றார். ஓட்டம் நமக்குத் தூரமானது இல்லை.

20 வயசுலயே, லேட் ஆயிடுச்சுன்னு சோர்ந்து போறவங்க நம்மில் நிறைய பேர். இரண்டு ஒலிம்பிக்கை இழந்தும் வைட் பயிற்சியை விடவில்லை. மூன்றாவது ஒலிம்பிக் வந்தபோது, அவர் கால்கள் தயாராக இருந்தன.