'பாகீஸா'வின் வெற்றியைக் காணாத குலாம் முஹம்மத்

'பாகீஸா' படத்துக்கு இசையமைத்தவர் யார் என்று கேட்டால், நௌஷாத் என்று சொல்பவர்கள் இன்றும் உண்டு. அது பாதிப் பிழை. நௌஷாத் அப்படத்தின் பின்னணி இசையை நிறைவுசெய்து கொடுத்தவர். மக்கள் இன்றும் முணுமுணுக்கும் அதன் புகழ்பெற்ற பாடல்கள் மர்ஹூம் குலாம் முஹம்மதுடையவை. படம் திரைக்கு வருவதற்கு நான்கு வருடங்களுக்கு முன்னரே அவர் வபாத்தாகிவிட்டார்.

ராஜஸ்தானின் பிகானேர் பகுதியில் இசைக் குடும்பமொன்றில் பிறந்தவர் அவர். தந்தை நபி பக்‌ஷ் தபேலாக் கலைஞர். 1924இல் பம்பாய்க்கு வந்த மகனுக்கும் தபேலாவும் டோலக்குமே கைவந்த கலை. பின்னர் நௌஷாதின் உதவியாளரானார். நௌஷாதின் மெட்டுக்களுக்குத் தாளக் கருவிகளால் நடை கட்டிக்கொடுத்த கை இவருடையது. 1947இல் 'டைகர் குயின்' மூலம் தனியே இசையமைக்கத் தொடங்கிய பிறகும் அந்த உதவியாளர் வேலையை அவர் உடனே விட்டுவிடவில்லை. அந்தக் காலத்தில் இன்னொருவருக்கு அந்தப் பணிவு இருந்திருக்குமா என்பது சந்தேகமே.

1954இல் வந்த 'மிர்ஸா காலிப்' அவரது பெரும் சாதனை. கவிஞர் காலிபின் கஸல்களில் சொல் முந்த வேண்டும், இசை அதன் பின்னால் நடக்க வேண்டும். அதை அறிந்து அளவாக மெட்டமைத்தார். சுரையா பாடினார். படத்துக்கு இந்திய ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் கிடைத்தது. காலிபுக்கே மறுபடி உயிர் கொடுத்துவிட்டதாகப் பிரதமர் நேரு சுரையாவைப் பாராட்டினார். மெட்டமைத்தவரை யார் நினைத்தார்கள்?

இந்திய வானொலி சினிமாப் பாடல்களை ஒதுக்கிவைத்திருந்த அந்த வருடங்களில் நமது இலங்கை வானொலியின் ஹிந்தி சேவைதான் அவற்றுக்குப் புகலிடம். அங்கும் நேயர் மனதில் நின்றது பாடியவரின் குரலே.

அதன்பின் அவருக்கு வாய்ப்புகள் குறைந்தன. கமால் அம்ரோஹியின் 'பாகீஸா' மட்டும் கையில் இருந்தது. 1950களில் தொடங்கிய அந்தப் படம், இயக்குநரும் நாயகி மீனா குமாரியும் பிரிந்ததால் 1964இல் நின்றுபோனது. பாடல்கள் முடங்கிக் கிடந்தன. 1968 மார்ச்சில் குலாம் முஹம்மத் காலமானார். படப்பிடிப்பு மீண்டும் தொடங்கியபோது இசை பழையதாகிவிட்டது, காலத்துக்கேற்ற வேறொருவரைப் போடலாம் என்ற யோசனை எழுந்தது. கமால் அம்ரோஹி மசியவில்லை. இறந்துபோனவருக்குக் கொடுத்த இடத்தை அவர் எடுக்கவில்லை.

1972 பெப்ரவரியில் படம் வெளியானது. பாடல்கள் நாடெங்கும் ஒலித்தன. ஆனால் அடுத்த வருடம் பிலிம்பேர் இசை விருது 'பே இமான்' படத்துக்காக சங்கர் ஜெய்கிஷனுக்குப் போனது. அதே 'பே இமான்' படத்தில் நடித்ததற்காக நடிகர் பிரானுக்கும் ஒரு விருது அறிவிக்கப்பட்டிருந்தது. இசை விருது குலாம் முஹம்மதுக்கே உரியது என்று சொல்லி, பிரான் தனது விருதை வாங்க மறுத்துவிட்டார்.