குரல் இல்லாமல் சிரித்த முகம்

மாணவர்களே, பாட்டுப் பாடிப் பெயர் வாங்கிய ஒருவரை, ஒலியே பதிவாகாத கருவியின் முன் நிறுத்தினால் அவர் என்ன செய்வார்? செக் நாட்டின் முதல் திரைப்பட நடிகர் யோசெப் ஷ்வாப் மாலோஸ்ட்ரான்ஸ்கி 1898இல் அப்படித்தான் நின்றார்.

1860இல் பிறந்த அவரின் குடும்பப் பெயர் ஷ்வாப். பிராக் நகரின் மாலா ஸ்ட்ரானா என்ற பழைய வட்டாரத்தின் பெயரையும் அதனுடன் சேர்த்துக் கொண்டார். நம் ஊர்க் கலைஞர்கள் ஊர்ப் பெயரைச் சூடிக்கொள்வது போலத்தான் இதுவும். நகைச்சுவைப் பாடல்களை எழுதினார், மேடைகளில் பாடினார், புத்தகங்களும் வெளியிட்டார். பிராக் அப்போது ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசின் ஆட்சியில் இருந்தது.

1898இல் அந்நகரில் கட்டடக்கலை, பொறியியல் கண்காட்சி ஒன்று நடந்தது. யான் க்ரிஜெனெட்ஸ்கி என்ற கட்டடக் கலைஞர் பிரான்சின் லூமியேர் சகோதரர்களின் கருவியை வாங்கி வந்திருந்தார். கையால் சுழற்றும் அந்த ஒரே பெட்டி படம் பிடிக்கும், பிரதி எடுக்கும், திரையிலும் காட்டும். ஆனால் ஒரு சுருளின் நீளம் சுமார் 17 மீட்டர்தான். ஒரு நிமிடம் ஆவதற்குள் படம் முடிந்துவிடும்.

ஓடும் தண்ணீரையும் நடக்கும் கூட்டத்தையும் மட்டும் காட்டினால் போதுமா? கதையும் வேண்டும் அல்லவா! மாலோஸ்ட்ரான்ஸ்கி சிறு கதைகளைச் சொன்னார், அவரே நடித்தார். ஒன்றில் கண்காட்சியில் சாசேஜ் விற்பவருக்கும் சுவரொட்டி ஒட்டுபவருக்கும் சண்டை. இன்னொன்றில் மாவு ஆலையில் ஒரு காதல் சந்திப்பு. அவை மேடைக் கோமாளித்தனத்தின் தொடர்ச்சி என்றே எனக்குத் தோன்றுகிறது.

மூன்றாவது படமான ‘சிரிப்பும் அழுகையும்’ வேறு ரகம். அதில் கதை இல்லை, சண்டை இல்லை, துணை நடிகரும் இல்லை. திரையில் அவருடைய முகமும் தோளும்தான். சிரிக்கிறார், அழுகிறார். மேடையில் கடைசி வரிசை வரை எட்டும்படி பாடிப் பழகியவருக்கு, அருகில் நிற்கும் கருவி கன்னத்தின் அசைவைக்கூட விடாது பிடிக்கும் என்று சொல்லிக் கொடுக்க யாரும் இல்லை. அந்த நாட்டில் அவருக்கு முன் எவரும் அதைச் செய்ததில்லை.

கண்காட்சி முடிந்ததும் பெரிய வாய்ப்பு எதுவும் வந்துவிடவில்லை. செக் நாட்டில் கதைப்படத் தயாரிப்பு நிலைபெறுவதற்குப் பல ஆண்டுகள் பிடித்தன. அவர் மீண்டும் மேடைக்கும் பாடல்களுக்கும் போனார். பின்னாளில் ஊமைப் படங்களில் சிறு வேடங்களில் தோன்றினார். முதல் நடிகர் என்பதற்காக எவரும் அவரைக் கதாநாயகன் ஆக்கவில்லை.

1930இல் செக் மொழியில் பேசும் படங்கள் வரத் தொடங்கின. படத்துக்குக் குரல் கிடைத்தபோது இந்தப் பாடகருக்கு வயது எழுபது. 1932இல் அவர் காலமானார்.

க்ரிஜெனெட்ஸ்கி எடுத்த சுருள்களைப் பிராக்கில் உள்ள தேசியத் திரைப்படக் காப்பகம் இலக்கமுறைக்கு மாற்றியிருக்கிறது. பாடல்களால் பிழைத்த அந்த மனிதர், அங்கே இன்றும் சத்தமில்லாமல் சிரிக்கிறார், அழுகிறார்.