மார்செல் டாலியோ

மார்செல் டாலியோ (1899 – 1983) பிரான்சு நாட்டைச் சேர்ந்த ஒரு குணச்சித்திர நடிகர் ஆவார். பெரும்பாலும் துணைப் பாத்திரங்களிலேயே நடித்த இவர், இயக்குநர் ழான் ரெனுவாரின் இரு திரைப்படங்களின் மூலம் பெரிதும் அறியப்படுகின்றார்.

இளமைக்காலம்

ருமேனியாவிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்தில் பாரிஸ் நகரில் பிறந்தார். இவரது இயற்பெயர் இஸ்ரேல் மோஷே பிளாவ்ஷில்ட். 1920களில் மேடைகளில் நடித்து, 1930களில் திரைத்துறைக்கு வந்தார். தொடக்கத்தில் இவருக்குச் சிறு வேடங்களே கிடைத்தன. பெப்பே ல மோக்கோ (1937) படத்தில் காவல்துறைக்கு உளவு சொல்பவனாக நடித்தார்.

ரெனுவாரின் திரைப்படங்கள்

லா கிராந்த் இல்யூசியோன் (பெரும் மாயை, 1937) திரைப்படம் முதல் உலகப்போரின் போர்க்கைதிகளைப் பற்றியது. இதில் டாலியோ, தமக்கு வரும் உணவுப் பொதிகளைச் சக கைதிகளுடன் பகிர்ந்துகொள்ளும் செல்வந்த யூத அதிகாரியான ரோசன்தாலாக நடித்தார்.

லா ரேகிள் டு ழூ (ஆட்டத்தின் விதி, 1939) படத்தில் ரெனுவார் இவருக்குப் பிரபு வேடத்தை அளித்தார். இயந்திர இசைக்கருவிகளைச் சேகரிக்கும் அப்பிரபு, தமது புதிய கருவியை விருந்தினருக்குக் காட்டும்போது பெருமையும் கூச்சமும் ஒருங்கே அவரது முகத்தில் தோன்றும். தாம் எடுத்தவற்றுள் மிகச் சிறந்த காட்சியாக ரெனுவார் பின்னாளில் இதனைக் கருதினார். எனினும் வெளியானபோது இப்படம் தோல்வியடைந்தது. அதே ஆண்டில் தடையும் செய்யப்பட்டது.

போர்க்காலம்

1940இல் செருமானியப் படை பாரிஸை நெருங்கியபோது, டாலியோ தம் மனைவியும் நடிகையுமான மாடலீன் லெபோவுடன் தப்பிச் சென்றார். லிஸ்பனில் கப்பலேறிய இவர்களிடம் இருந்த சிலி நாட்டு நுழைவுச்சான்றுகள் போலியானவை எனத் தெரியவந்ததால் மெக்சிகோவில் இறங்க முடியாமல் தவித்தனர். பின்னர் தற்காலிகக் கனடியக் கடவுச்சீட்டுகளைப் பெற்று ஹாலிவுட்டை அடைந்தனர்.

பிரான்சை ஆக்கிரமித்த நாட்சிகள், யூதரின் முகம் இத்தகையது எனக் காட்டும் பரப்புரைச் சுவரொட்டிகளில் டாலியோவின் படத்தைப் பயன்படுத்தினர். இவரது பெற்றோர் நாட்சி வதைமுகாம்களில் உயிரிழந்தனர்.

காசாபிளாங்கா (1942) படத்தில் சூதாட்ட மேசைப் பணியாளராக இவர் நடித்தார். பெயர்ப் பட்டியலில் இவரது பெயர் இடம்பெறவில்லை. லெபோவும் இதில் நடித்தார். அதே ஆண்டில் இருவரும் மணமுறிவு பெற்றனர். டு ஹாவ் அண்ட் ஹாவ் நாட் (1944) படத்தில் விடுதி உரிமையாளர் வேடம் ஏற்றார்.

பிற்காலம்

போருக்குப் பின் பிரான்சு திரும்பிய டாலியோ, இரு நாடுகளிலும் தொடர்ந்து நடித்தார். 1955இல் தொடங்கிய காசாபிளாங்கா தொலைக்காட்சித் தொடரில் இவருக்குக் காவல்துறைத் தலைவர் வேடம் கிடைத்தது. ரபி யாக்கோபின் சாகசங்கள் (1973) என்ற பிரெஞ்சு நகைச்சுவைப் படத்தில், யூத மதகுருவான யாக்கோபாக நடித்தார். பிரான்சில் 70 இலட்சத்திற்கும் மேற்பட்டோர் இப்படத்தைத் திரையரங்குகளில் பார்த்தனர். சுவரொட்டிகளில் வெறுப்பைத் தூண்டப் பயன்பட்ட அதே முகத்தை, முப்பது ஆண்டுகளுக்குப் பின் அந்நாட்டு மக்கள் சிரித்து மகிழ்ந்து வரவேற்றனர்.

1976இல் தம் வாழ்க்கை வரலாற்று நூலை வெளியிட்ட டாலியோ, 1983இல் பாரிஸில் காலமானார்.