உலகம் சுற்றிய ரொட்டிக் கடைக்காரர் மகன்

சுவிட்சர்லாந்து நாட்டில் ஜெனீவா என்ற அழகான நகரம் இருக்கிறது. அங்கே ஏரிக்கரை ஓரமாக ஒரு பெரிய மாளிகை. அதன் வாசல் கதவுக்கு ஒரு பூட்டு அல்ல, மூன்று பூட்டுகள்!

1926-ம் ஆண்டில் அந்த மாளிகையின் திறப்பு விழா நடந்தது. மூன்று பேர் ஆளுக்கு ஒரு சாவியோடு வந்தார்கள். ஒருவர் சர்க்கார்களின் பிரதிநிதி. இன்னொருவர் முதலாளிகளின் பிரதிநிதி. மூன்றாமவர் தொழிலாளர்களின் பிரதிநிதி. மூன்று சாவியும் திரும்பினால்தான் கதவு திறக்கும்.

அதுதான் சர்வதேசத் தொழிலாளர் ஸ்தாபனத்தின் அன்றைய மாளிகை. (இப்போது அங்கே இருப்பது உலக வர்த்தக ஸ்தாபனம். தொழிலாளர் ஸ்தாபனம் அதே ஊரில் வேறு கட்டடத்துக்குப் போய்விட்டது.) அன்று அதற்கு டைரக்டராக இருந்தவர் ஆல்பர்ட் தாமஸ். கட்டையான உருவம். அடர்ந்த தாடி. மூக்குக் கண்ணாடி. ஓயாத பேச்சு, ஓயாத பயணம்.

குண்டு செய்த மந்திரி

பிரான்சில், பாரிசுக்கு அருகே உள்ள ஷாம்பிஞி என்ற ஊரில் 1878-ம் ஆண்டு பிறந்தார் தாமஸ். அப்பாவுக்கு ரொட்டி சுட்டு விற்கும் தொழில். ஊர் தூங்கும்போது விழித்திருந்து அடுப்பு மூட்ட வேண்டிய தொழில் அது. மகன் நன்றாகப் படித்தார். பாரிசில் பெயர் பெற்ற கல்லூரியில் சேர்ந்து சரித்திரம் கற்றார்.

பிறகு ஜோரே என்ற சோஷலிஸ்ட் தலைவரின் பத்திரிகையில் எழுதினார். 1910-ல் பார்லிமெண்டு உறுப்பினர் ஆனார். 1912-ல் சொந்த ஊருக்கே நகரசபைத் தலைவர்.

1914-ல் முதல் உலக யுத்தம் வந்தது. யுத்தம் வேண்டாம் என்று மன்றாடிய ஜோரே, அது மூளும் தறுவாயில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய சீடர் தாமசோ பீரங்கியும் குண்டும் செய்யும் இலாகாவை ஏற்றுக்கொண்டார்! 1916-ல் அதற்கு மந்திரியாகவும் ஆனார். விந்தைதான். ஆனால் அங்கேதான் அவர் ஒன்றைக் கற்றுக்கொண்டார். ஆண்கள் போர்க்களம் போய்விட்டதால் பெண்கள் கூட்டம் கூட்டமாகத் தொழிற்சாலைக்கு வந்தார்கள். சர்க்காரும் முதலாளியும் தொழிற்சங்கமும் ஒரே மேஜையில் உட்காராமல் ஒரு குண்டு கூட வெளியே வராது என்ற நிலை. அந்த மேஜையின் தலைமாட்டில் உட்கார்ந்தவர் தாமஸ்.

நாலு கடைத் தெரு

யுத்தம் முடிந்தது. 1919-ல் வெர்சேல்ஸ் சமாதான உடன்படிக்கை எழுதினார்கள். அதிலேயே ஒரு பகுதியாக இந்தத் தொழிலாளர் ஸ்தாபனமும் பிறந்தது.

எதற்காக உலகத்துக்கெல்லாம் பொதுவாக ஒரு தொழிலாளர் சட்டம்? நம் தெருவையே எடுத்துக்கொள்வோம். ஒரே தெருவில் நாலு துணிக் கடை. ஒருவர் மட்டும் இரக்கப்பட்டு, வேலையாட்களை இரவு 8 மணிக்கு வீட்டுக்கு அனுப்புகிறார். மற்ற மூவரும் 10 மணி வரை திறந்து வைக்கிறார்கள். இரக்கப்பட்டவருக்கு வியாபாரம் போகும். நாலு பேரும் சேர்ந்து 8 மணிக்கு மூடினால்? ஒருவருக்கும் நஷ்டம் இல்லை. நாடுகளின் கதையும் இதேதான்.

1919 அக்டோபரில் வாஷிங்டன் நகரில் முதல் மகாநாடு கூடியது. ஒவ்வொரு நாட்டுக்கும் நாலு வோட்டு. சர்க்காருக்கு இரண்டு, முதலாளிக்கு ஒன்று, தொழிலாளிக்கு ஒன்று. நாளுக்கு 8 மணி, வாரத்துக்கு 48 மணி வேலை என்று அங்கே ஒப்பந்தம் ஆயிற்று. பிரசவத்துக்கு முன்னும் பின்னும் பெண்களுக்கு லீவு, 14 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்குத் தொழிற்சாலையில் வேலை கூடாது என்றும் ஒப்பந்தங்கள் வந்தன. தாமசை டைரக்டராகத் தேர்ந்தெடுத்ததும் அப்போதுதான். அந்த நேரத்தில் அவர் வாஷிங்டனில் கூட இல்லை!

இந்தியத் தொழிலாளர் பிரதிநிதியாக என். எம். ஜோஷி போயிருந்தார். அவருக்குத் துணையாகச் சென்றவர் சென்னைத் தொழிலாளருக்குத் தெரிந்தவர்தான். 1918-ல் பெரம்பூர் மில் தொழிலாளருக்காகத் திரு. வி. க. முதலியோருடன் சேர்ந்து சென்னைத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கிய பி. பி. வாடியா.

இந்தியாவுக்கு மட்டும் 48 மணி கிடைக்கவில்லை. வாரத்துக்கு 60 மணி என்று தனி விதி எழுதினார்கள். ஓரவஞ்சனைதான். ஆனாலும் அதுவரை நம் பஞ்சாலைகளில் ஆண்களுக்குச் சட்டம் அனுமதித்தது தினம் 12 மணி நேரம். 1922-ல் தொழிற்சாலைச் சட்டத்தைத் திருத்தி 60 மணியைக் கொண்டு வந்தார்கள். 9 வயதுப் பிள்ளையை வேலைக்கு வைக்கலாம் என்று இருந்ததும் 12 வயது என மாறியது.

சொந்த நாட்டோடு வழக்கு

மகாநாட்டில் கை தூக்கினால் சட்டம் ஆகிவிடாது. ஒவ்வொரு நாடும் அதை ஏற்றுக்கொள்ள வேண்டும். ஏற்காத நாட்டை என்ன செய்வது? தாமசிடம் போலீசும் இல்லை, சேனையும் இல்லை. போய்க் கேட்கலாம். மறுபடியும் போய்க் கேட்கலாம். அவ்வளவுதான். கேட்டார். ஒவ்வொரு தலைநகராக ரயிலேறிப் போனார்.

இடையே ஒரு சோதனை. வயலில் வேலை செய்கிறவர்களும் தொழிலாளர்தானே, அவர்களைப் பற்றியும் ஸ்தாபனம் பேசலாமா? கூடாது என்று ஆட்சேபித்தது வேறு யாரும் இல்லை, பிரெஞ்சு சர்க்கார்! வழக்கு ஹேக் நகரில் உள்ள சர்வதேசக் கோர்ட்டுக்குப் போனது. பிரான்சுக்கு முன்னாள் மந்திரியாக இருந்த தாமஸ், தாமே கோர்ட்டில் நின்று பிரான்சின் கட்சிக்கு எதிராக வாதாடினார். 1922 ஆகஸ்டில் தீர்ப்பு வந்தது. விவசாயக் கூலிகளைப் பற்றியும் ஸ்தாபனம் பேசலாம்.

ஜெயித்தது அது. தோற்றது எட்டு மணி நேரம். இந்தியா தன் 60 மணி விதியோடு அந்த ஒப்பந்தத்தை 1921-லேயே ஏற்றது. தொழிலில் முதல் வரிசையில் நின்ற பிரிட்டன் ஏற்கவில்லை. மற்ற நாடுகள் ஏற்றால் நானும் ஏற்கிறேன் என்ற நிபந்தனையை வைத்து ஒதுங்கிக்கொண்டது பிரான்ஸ். நாலு கடைக்காரர்களும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்ற கதை!

1928-ல் தாமஸ் ஆசியாவுக்குப் புறப்பட்டார். சீனா, ஜப்பான், கடைசியில் இந்தியா. அதே ஆண்டில் டில்லியில் ஸ்தாபனத்தின் கிளை அலுவலகமும் ஏற்பட்டது. 1930-ல் கட்டாய வேலையை ஒழிக்கும் ஒப்பந்தம் நிறைவேறியது. அடிமை நாடுகளில் ஆட்களைப் பிடித்துச் சாலை போடவும் சுமை தூக்கவும் ஏவியவர்கள் பெரும்பாலும் ஸ்தாபனத்தில் உட்கார்ந்திருந்த வல்லரசுகளே. அவர்கள் முன்னிலையிலேயே இது நிறைவேறியது என்பதால், தாமசின் வேலைகளில் இதையே பெரிது என்று சொல்லத் தோன்றுகிறது. சுதந்திர இந்தியா இதை ஏற்றது 1954-ல்.

1932 ஏப்ரல் 30-ந் தேதி ஜெனீவா மகாநாடு 33-வது ஒப்பந்தத்தை நிறைவேற்றியது. தொழிற்சாலை அல்லாத கடை முதலிய இடங்களிலும் சிறுவர்களை வேலைக்கு வைப்பதைத் தடுக்கும் ஒப்பந்தம் அது. மே மாதத் தொடக்கத்தில் தாமஸ் பாரிசுக்குப் போனார். அங்கே திடீரென்று இறந்துபோனார். வயது 53.

அடுத்த டைரக்டராக வந்தவர் ஹெரால்டு பட்லர். அவர் ஆங்கிலேயர். அவருடைய நாடு எட்டு மணி நேர ஒப்பந்தத்தை இன்றுவரை ஏற்கவில்லை.