எடி ஜயமான்ன: இரவல் வாங்காத சிரிப்பு

சிங்களத் திரைப்படத்தின் தொடக்க வரலாற்றைப் படிக்கப் புகுவோர் பெரும்பாலும் கதாநாயகியின் பெயரோடு நின்றுவிடுகின்றனர். அவளுக்கு அருகே நின்று கொட்டகையைக் கலகலக்கச் செய்த எடி ஜயமான்னவைப் பற்றிச் சில சொல்ல விழைகிறேன்.

1915ஆம் ஆண்டு பிறந்த எடி, நீர்கொழும்பில் நாடகம் வளர்த்த குடும்பத்தவர். தமையனார் பி. ஏ. டபிள்யூ. ஜயமான்ன மினர்வா நாடகக் குழுவுக்கு நாடகங்கள் எழுதினார். தம்பியார் அவற்றில் சிரிப்பை விளைத்தார். அக்கரையோரம் கலைக்குப் புதிய நிலமன்று. தமிழ்க் கூத்தின் வழிவந்த சிங்கள 'நாடகம', மேற்குக் கரையோரக் கத்தோலிக்க மக்களிடையே நெடுங்காலம் ஆடப்பட்டது. அதில் அரசன் கொலுவுக்கு வருமுன் கோணங்கி வந்து சபையைச் சிரிக்க வைப்பான். எடியின் நடிப்பிலே அக்கோணங்கியின் சாயலை நான் காண்கிறேன்.

மினர்வாவின் புகழ்பெற்ற நாடகம் 'கடவுணு பொரொந்துவ'. முறிந்த வாக்குறுதி என்பது பொருள். அதனைப் பேசும்படமாக்க முன்வந்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். நடிகர்கள் கடல் கடந்து மதுரைக்குச் சென்றனர். அங்கே சித்திரகலா மூவிடோனில் படம் உருவாயிற்று. நெறியாளர் ஜோதிஷ் சிங் வங்காளி. இசையமைத்தவர் நாராயண ஐயர். கதாநாயகி ருக்மணி தேவியோ, றம்பொடையில் டெய்சி ராசம்மா டானியல்ஸ் எனப் பிறந்தவர். 1947 ஜனவரி 21ஆம் திகதி கொழும்பு கிங்ஸ்லி கொட்டகையில் அது திரையேறியது. அதுவே முதற் சிங்களப் பேசும்படம்.

கலைக்கூடத்தை மதுரை தந்தது. நெறியாளரை வங்கம் தந்தது. ஆனால் சிரிப்பை எவர் இரவல் தருவர்? அழுகை எம்மொழியிலும் ஒன்றே. நகைப்புக்கோ ஊர் உண்டு, பேச்சு வழக்கு உண்டு. ஒரு சொல்லை எங்கே இழுப்பது, எங்கே விழுங்குவது என்பதை அந்த மண்ணின் மைந்தனே அறிவான். ஆதலின், அந்தப் படத்தில் முழுமையாகச் சிங்களமாக விளங்கியது எடியின் நகைச்சுவையே என்பது என் துணிபு.

ருக்மணி தேவி அவருடைய வாழ்க்கைத் துணைவியார். மனைவி கதாநாயகியாகப் போற்றப்பட, கணவர் கோமாளியாக நின்றார். அதனை ஒரு தாழ்வாகக் கொள்ளாது ஏற்றமை சிறிய பண்பன்று.

1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' கமராவைக் கிராமத்து வெயிலுக்குக் கொண்டு சென்றது. அதன்பின் மினர்வாப் படங்கள் படம்பிடிக்கப்பட்ட நாடகங்களே என விமர்சகர் ஒதுக்கினர். அத்தீர்ப்பில் உண்மை உண்டு; நன்றியில்லை. சிங்களப் பேச்சைத் திரையில் கேட்டு இன்புற மக்களைப் பழக்கியவர்கள் முன்னவர்களன்றோ?

1978 ஒக்டோபர் 28ஆம் திகதி ருக்மணி தேவி வீதி விபத்தில் மறைந்தார். மூன்றாண்டுகளில், 1981இல், எடியும் கண்மூடினார். அரசன் வருமுன் மேடையைத் துலக்கிவிட்டுப் போகும் கோணங்கியை எவரும் நினைவில் வைப்பதில்லை. ஆயினும், அவனின்றிக் கூத்துத் தொடங்குவதில்லை.