ஆலை வாயிலில் ஒரு தமிழாசிரியர்

புலவர் ஒருவரின் வரலாற்றை எழுதப் புகுவோர், அவர் கற்ற நூல்களையும் இயற்றிய நூல்களையும் வரிசைப்படுத்திக் காட்டி நிறைவடைவது நம்மிடையே வழக்கம். அவ்வழக்கினுள் அடங்காத சான்றோர் சிலர் உளர். அவர்களுள் தலையாயவர், திரு.வி.க. என்னும் சுருக்கப் பெயரால் தமிழுலகம் போற்றும் திருவாரூர் வி. கலியாணசுந்தரனார். அவருடைய வரலாற்றில் ஏட்டுச் சுவடிக்கு உள்ள இடம் ஆலைச் சங்குக்கும் உண்டு.

நம் இலக்கிய வட்டம் பத்தாண்டு நிறைவெய்தும் இவ்வேளையில் அவரை நினைவு கூர்வது பொருத்தமுடைத்து. நம் குடியாத்தம் தறியால் வாழும் ஊர். பீடியும் தீப்பெட்டியும் பல இல்லங்களில் உலை ஏற்றும் ஊர். அண்டையிலுள்ள பேரணாம்பட்டும் ஆம்பூரும் வாணியம்பாடியும் தோல் பதனிடுவோரின் உழைப்பால் பெயர் பெற்றவை. இத்தகைய மண்ணில் கூடித் தமிழ் பேசும் நாம், உழைப்போர் நடுவே சென்று தமிழ் பேசிய ஒருவரின் வாழ்வைக் கற்றல் நம் கடன்.

இளமையும் கல்வியும்

திரு.வி.க. 1883ஆம் ஆண்டு ஆகஸ்டு 26ஆம் நாள், சென்னையை அடுத்த போரூர்ப் பக்கத்துத் துள்ளம் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் விருத்தாசல முதலியார், தாயார் சின்னம்மாள். முன்னோர் திருவாரூரினர் ஆதலின் அவ்வூர்ப் பெயர் இவர் பெயரோடு நிலைத்தது. இளமையில் நேர்ந்த நோயும் பொருந்தா மருந்தும் கைகால்களை முடக்க, பள்ளிக் கல்வி இடையறவு பட்டது. உடல் தேறியபின் இராயப்பேட்டை வெஸ்லி பள்ளியில் மீண்டும் சேர்ந்தார்.

அப்பள்ளியில் யாழ்ப்பாணம் நா. கதிரைவேற்பிள்ளையை ஆசிரியராகப் பெற்றது அவர் வாழ்வின் முதல் திருப்பம். அருட்பா, மருட்பா பூசல் வழக்கு மன்றம் ஏறிய காலம் அது. ஆசிரியர் பொருட்டு நீதிமன்றம் சென்றமையால் 1904இல் தேர்வெழுத இயலாது போயிற்று. பள்ளிக் கல்வி அத்துடன் முடிந்தது. பட்டம் ஏதும் இல்லை. ஆயினும் ஆசிரியர்பால் கொண்ட பற்று தமிழைத் தந்தது. பின்னர் மயிலைத் தணிகாசல முதலியாரிடம் தமிழும் சைவ நூல்களும் பயின்றார். பெரியபுராணத்துக்குக் குறிப்புரை வரையும் அளவுக்கு அப்பயிற்சி முதிர்ந்தது.

பிழைப்பின் பொருட்டு ஸ்பென்சர் நிறுவனத்தில் எழுத்தராய் அமர்ந்தார். சுதேசியக் கிளர்ச்சி எழுந்த நாட்கள் அவை. நாட்டுப்பற்று அவ்வேலையில் நீடிக்க விடவில்லை. அதன்பின் ஆயிரம்விளக்கு வெஸ்லியன் பள்ளியில் ஆசிரியரானார். 1916இல் வெஸ்லி கல்லூரித் தலைமைத் தமிழாசிரியர் பதவி வந்தது. பட்டமில்லாப் புலவர் ஒருவருக்கு அந்நாளில் அதனினும் உயர்ந்த இருக்கை அரிது. அவ்விருக்கையை ஓராண்டளவில் துறந்தார். 1917 டிசம்பரில் தேசபக்தன் நாளிதழின் ஆசிரியரானார்.

பெரம்பூர் அழைப்பு

பெரம்பூரில் பின்னி நிறுவனத்தாரின் பக்கிங்காம் ஆலையும் கர்நாடிக் ஆலையும் இருந்தன. இரண்டிலுமாக ஏறத்தாழப் பதினாயிரவர் உழைத்தனர். 1911ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் நெசவாலையில் ஆடவர்க்குப் பன்னிரண்டு மணி நேர வேலையை இசைந்தது. நண்பகல் உணவுக்குக் கிடைத்த இடைவேளை அரைமணி அளவினதே. ஆலைக்குள் மேலாளரின் வசையும் அடியும் புதியன அல்ல. முதல் உலகப் போரினால் அரிசி விலையும் துணி விலையும் ஏறின. கூலி அவ்வேகத்தில் ஏறவில்லை.

ஆலையருகே கடை வைத்திருந்த செல்வபதி செட்டியாரும் இராமாநுஜலு நாயுடுவும் தொழிலாளர் நாள்தோறும் கொணரும் குறைகளைக் கேட்டு வந்தனர். இவ்விருவரும் வெங்கடேச குணாமிர்த வர்ஷிணி சபை என்னும் சமய அவையை நடத்தியவர்கள். சமயச் சொற்பொழிவுகள் நிகழ்த்திய அவ்வவையினரின் அழைப்பை ஏற்று, 1918 மார்ச்சு 2ஆம் நாள் திரு.வி.க. பெரம்பூரில் பேசினார். அன்று அவர் எடுத்த பொருள் தொழிலாளர் நிலை. மேனாட்டில் தொழிலாளர் சங்கம் அமைத்து உரிமை பெற்ற வரலாற்றை எளிய தமிழில் எடுத்துரைத்தார்.

சமய அவை ஒன்றிலிருந்து தொழிற்சங்கம் முளைத்ததைச் சிலர் வியப்பர். எண்ணிப் பார்ப்பின் வியத்தற்கு இடமில்லை. பகலெல்லாம் ஆலைக்குள் அடங்கிக் கிடந்தோர் மாலையில் ஒருங்கு கூட அந்நாளில் இருந்த இடங்கள் பசனைக் கூடமும் சொற்பொழிவு மன்றமுமே. கூடும் பழக்கம் அங்கே முன்னரே இருந்தது. கூடியோர் கேட்கத்தக்க புதுப்பொருளைத் திரு.வி.க. கொண்டு சென்றார்.

செல்வபதியாரும் இராமாநுஜலு நாயுடுவும் அன்னி பெசன்ட் அம்மையாரின் நியூ இந்தியா அலுவலகம் சென்று, பி.பி. வாடியாவைக் கண்டு துணை வேண்டினர். 1918 ஏப்ரல் 27ஆம் நாள் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. வாடியா தலைவர், திரு.வி.க. துணைத் தலைவர்களுள் ஒருவர். முறையான உறுப்பினர் பதிவும் சந்தாவும் கொண்டு இயங்கிய இந்தியாவின் முதல் தொழிற்சங்கம் இதுவே என்பர் வரலாற்றறிஞர்.

அவ்வாண்டு செப்டம்பரில் அவர்தம் மனைவியார் கமலாம்பாள் எலும்புருக்கி நோயால் மறைந்தார். மணவாழ்வு ஆறே ஆண்டுகள். பிறந்த குழந்தைகள் இருவரும் முன்னரே மறைந்துவிட்டனர். அப்போது அவர்க்கு வயது முப்பத்தைந்து. அவர் மறுமணம் செய்துகொள்ளவில்லை. தமையனார் உலகநாதரின் குடும்பத்தோடு எஞ்சிய வாழ்நாளைக் கழித்தார். சங்கம் பிறந்த ஆண்டும் இல்லம் வெறுமையான ஆண்டும் ஒன்றாயின.

மேடைத் தமிழ்

அந்நாளைய அரசியல் மேடையில் ஆங்கிலமே அரசோச்சியது. கற்றோர் ஆங்கிலத்தில் பேசினர். மற்றோர் முகம் பார்த்துக் கலைந்தனர். இதழ்த் தமிழோ வடசொல்லும் ஆங்கிலமும் விரவியது. வாடியா தமிழ் அறியாதவர். அவர் பேச்சு மொழிபெயர்க்கப்பட்டே தொழிலாளரை எட்டியது. பதினாயிரவர்க்கு உரிமை என்றால் என்ன, சங்கம் என்றால் என்ன, கதவடைப்பை எதிர்கொள்வது எங்ஙனம் என நேர்நின்று விளக்கத் தமிழ் வேண்டியிருந்தது. அப்பணியைத் திரு.வி.க. ஏற்றார்.

அவர் உரைநடையின் சிறு சிறு தொடர்களை நாம் வகுப்பறையில் பாராட்டுகிறோம். வினாவும் விடையுமாய் அடுக்கிச் செல்லும் நடை அது. ஒரு கருத்தை ஒரு தொடரில் முடித்து அடுத்ததற்குச் செல்லும் நடை. அந்நடைக்குப் பெரியபுராணப் பயிற்சி ஒரு காரணம். திறந்தவெளியில் ஒலிபெருக்கியின்றிப் பேசிய பயிற்சி மற்றொரு காரணம் என்பது என் துணிபு. நாள் முழுதும் எந்திர ஒலியில் நின்று களைத்தோர்க்கு நீண்ட தொடர் விளங்காது. முதல் பாதியை அவர் மறவாமுன் இரண்டாம் பாதி வந்துசேர வேண்டும். ஆகவே, அவர் தொழிலாளர்க்குத் தமிழ் அளித்தார் என்பது பாதி உண்மையே. தொழிலாளரின் செவி அவர் தமிழைத் திருத்தி அளித்தது என்பது மறுபாதி.

ஏனைய தொழிலாளரிடையிலும் அந்நாட்களில் சங்கங்கள் எழுந்தன. டிராம் வண்டித் தொழிலாளரும் இரயில்வேப் பட்டறைத் தொழிலாளரும் அணி திரண்டனர். 1920 அக்டோபரில் திரு.வி.க. தொடங்கிய நவசக்தி வார இதழ் அவர்தம் குரலுக்கு இடம் தந்தது.

பிளவுற்ற ஆண்டு

1920 அக்டோபரில் பின்னி ஆலை கதவடைத்தது. டிசம்பர் 9ஆம் நாள் நிகழ்ந்த துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் உயிரிழந்தனர். ஆலையார் வாடியா முதலியோர்மீது வழக்குத் தொடுத்தனர். தொழிலாளரை ஒப்பந்தம் மீறத் தூண்டலாகாதென உயர்நீதிமன்றம் தடையாணை பிறப்பித்தது. தொழிற்சங்கத்துக்குச் சட்டத்தின் காப்பு இல்லாத காலம் அது. 1921 சனவரியில் உடன்பாடு ஏற்பட்டது. வாடியா சங்கத்தினின்று விலக, வழக்குக் கைவிடப்பட்டது. பொறுப்பு பெரிதும் திரு.வி.க.வின் தோள்மேல் விழுந்தது.

சில திங்களில் மீண்டும் வேலைநிறுத்தம் மூண்டது. 1921 மே மாதம் கர்நாடிக் ஆலையிலும், சூனில் பக்கிங்காம் ஆலையிலும் தொழிலாளர் வெளியேறினர். இம்முறை ஆதிதிராவிடத் தொழிலாளருட் பெரும்பாலோர் வேலையை விட்டு வரவில்லை. முந்தைய கதவடைப்பில் பட்டினியும் கடனும் அவர்களையே மிகுதியாக வாட்டியிருந்தன. அவர்தம் தலைவர் எம்.சி. இராசா வேலைநிறுத்தத்தை ஏற்கவில்லை. வெளியே நின்றோர்க்கும் உள்ளே சென்றோர்க்கும் மூண்ட பகை சாதிப் பகையாய் மாறியது. புளியந்தோப்பில் ஆதிதிராவிடர் குடிசைகள் எரிந்தன. ஒரே கூடத்தில் ஒரே சங்கொலிக்கு எழுந்து உழைத்தவர் ஒருவரை ஒருவர் தாக்கினர். ஆகஸ்டு 29ஆம் நாள் காவலரின் துப்பாக்கியும் வெடித்தது.

ஆளுநர் வெலிங்டன் பிரபு திரு.வி.க. உள்ளிட்ட தலைவர்களை அழைத்து, நாடுகடத்த நேரும் என எச்சரித்தார். நீதிக்கட்சித் தலைவர் தியாகராயர் தலையிட்டதால் அவ்வாணை பிறக்கவில்லை. திரு.வி.க. காங்கிரசுக்காரர், தியாகராயர் எதிர்முகாமினர். அரசியற் பகையினும் மனிதப் பண்பு பெரிதெனக் காட்டிய நிகழ்ச்சி அது. ஆயினும் போராட்டம் அக்டோபரில் தோல்வியில் முடிந்தது. அரசும் ஆலையும் பிளவைப் பயன்படுத்தின என்பது ஒரு பக்கத்து உண்மை. சந்தாப் புத்தகத்தில் ஒன்றான பெயர்கள் சேரியிலும் தெருவிலும் ஒன்றாகவில்லை என்பது மறுபக்கத்து உண்மை. திரு.வி.க.வின் வரலாற்றைச் சொல்லுவோர் இப்பகுதியை விரைந்து கடப்பதுண்டு. கடத்தல் தகாது. சாதியை வெளியில் விட்டு உரிமையை மட்டும் உள்ளே கொணர முயன்ற சங்கம் எவ்வாறு உடைந்தது என்பதை அறிய வேண்டிய கடப்பாடு, தோல் தொழிலும் தறித்தொழிலும் சாதியால் வகுக்கப்பட்டு வந்த நம் பகுதியினர்க்கு ஏனையோரினும் மிகுதி.

தோல்வியின் விளைவு

தோற்ற போராட்டம் வீணாகவில்லை. வாடியா மீதான வழக்கு, சங்கம் அமைத்தோர்க்குச் சட்டக் காப்பு இன்மையை நாடறியச் செய்தது. 1921இல் நடுவண் சட்டமன்றத்தில் என்.எம். சோசி அப்பொருள்பற்றித் தீர்மானம் கொணர்ந்தார். 1926இல் இந்தியத் தொழிற்சங்கச் சட்டம் நிறைவேறியது. இன்று ஒரு சங்கத்தைப் பதிவு செய்வோர் எளிதிற் பெறும் உரிமைக்குப் பின்னால் பெரம்பூர்ப் பட்டினி இருக்கிறது. இடையே 1922ஆம் ஆண்டுச் சட்டம் வேலை நேரத்தைப் பதினொரு மணியாகக் குறைத்தது. 1923இல் விபத்து இழப்பீட்டுச் சட்டம் வந்தது.

திரு.வி.க. தோல்விக்குப் பின்னும் சங்கத்தைக் கைவிடவில்லை. இதுவே அவர் வரலாற்றில் நான் மிகப் போற்றும் பகுதி. வெற்றி நாளில் மாலை ஏற்றோர் பலர். ஆள் குறைந்து போன சங்கத்தின் கூட்டத்துக்கு மீண்டும் மீண்டும் சென்றோர் சிலர். எழுத்தும் உடன் வளர்ந்தது. மனித வாழ்க்கையும் காந்தியடிகளும், முருகன் அல்லது அழகு, பெண்ணின் பெருமை ஆகிய நூல்கள் 1920களில் வெளிவந்தன. இல்லறம் ஆறாண்டில் முடியப்பெற்ற ஒருவர் வாழ்க்கைத் துணையின் மாண்பை விரித்தெழுதினார் என்பதை நினைக்குந்தோறும் பெண்ணின் பெருமை வேறொரு பொருள் தருகிறது.

வீட்டுச் சிறையும் இருளும்

1947 மார்ச்சில் அதே பின்னி ஆலையில் பெருவேலைநிறுத்தம் எழுந்தது. ஆட்சியில் இருந்தது காங்கிரசு அமைச்சரவை. அறுபத்துமூன்று வயது முதியவர் தொழிலாளர் பக்கமே நின்றார். அவ்வரசு அவரை வீட்டுக் காவலில் வைத்தது. நாடு விடுதலை பெறுதற்குச் சில வாரங்களே இருந்தன. விடுதலைக்கு உழைத்த கட்சியின் கையாலேயே அக்காவல் நேர்ந்தது.

பின்னர்க் கண்ணொளி மறைந்தது. எழுதும் கை ஓய்ந்தது; நா ஓயவில்லை. பிறர் எழுதச் செய்யுட்களைச் சொல்லிவந்தார். இருளில் ஒளி, முதுமை உளறல், படுக்கைப் பிதற்றல் என அவற்றுக்குத் தாமே பெயரிட்டார். பொருளும் அருளும் அல்லது மார்க்சியமும் காந்தியமும் என்னும் நூலும் அவ்விறுதிக் காலத்தது. உளறல், பிதற்றல் என்று தம் பாட்டைத் தாமே தாழ்த்திப் பெயரிடும் துணிவு கவிஞர்க்கு எளிதில் வாய்ப்பதன்று. 1953 செப்டம்பர் 17ஆம் நாள் அவர் மறைந்தார். அவர் பேசிய பெரம்பூர் ஆலைகளும் 1996இல் மூடப்பட்டன.

நம் பகுதிக்கு அவர்

நம் வடஆர்க்காட்டு மண்ணின் மைந்தர் டாக்டர் மு.வரதராசனார் திரு.வி.க.வைத் தம் வழிகாட்டியாகக் கொண்டார். அவரைப்பற்றித் தனிநூலும் இயற்றினார். மு.வ.வின் நடையில் நாம் காணும் தெளிவு பெரம்பூர் மேடையோடு உறவுடையது. அவ்வகையில் திரு.வி.க. நமக்கு அயலார் அல்லர்.

என் வகுப்பில் அமரும் மாணவியருள், இரவில் தாயுடன் அமர்ந்து பீடி சுற்றிவிட்டுக் காலையில் சிலப்பதிகாரம் கேட்க வருவோர் உளர். அவர்களுக்குத் தமிழ் பாடமாக மட்டும் இருப்பின் தேர்வோடு முடியும். தம் கூலியையும் நோவையும் சொல்லிக்கொள்ளும் மொழியாகவும் அது அமையின் நிலைக்கும். பத்தாண்டுகளாக நாம் திங்கள்தோறும் கூடிக் கவிதை படிக்கிறோம். ஒருவர் பாட்டை மற்றவர் பாராட்டுகிறோம். நன்றே. ஆயினும் நம் கூட்டத்துக்குத் தறிக்குழியிலிருந்தும் தோல் தொட்டியிலிருந்தும் எத்தனை பேர் வந்தனர் என்னும் கணக்கையும் இம்மலரில் பார்த்தல் வேண்டும். கல்லூரித் தமிழாசிரியர் ஒருவர் ஆலை வாயிலுக்குச் சென்றார். அவரும் வளர்ந்தார், தமிழும் வளர்ந்தது. பதினோராம் ஆண்டில் நம் கூட்டங்களுள் சிலவேனும் தறித் தெருவிலும் தோல் தொழிலாளர் குடியிருப்பிலும் நிகழ்வனவாகுக.